பால்டர்ஸ் கேட் 3: உங்கள் ஆட்கள் ஏன் விலகிப் போகிறார்கள், எப்படிக் கூடவே நிற்பார்கள்?

ஏற்காட்டிலிருந்து ஒரு தம்பி கேட்டிருக்கும் கேள்வி சுருக்கமாக இதுதான்: "அண்ணா, பால்டர்ஸ் கேட் 3 ஆடிக்கொண்டிருக்கிறேன். வில் கோபித்துக்கொண்டு போய்விட்டான். கார்லக்கும் போய்விட்டாள். ஓர் இரவு கேல் மூட்டை கட்டிவிட்டான். எல்லாருக்கும் பிடித்த மாதிரிதான் பேசினேன். நல்ல வாள், நல்ல கவசம் எதுவானாலும் அவர்களுக்கே கொடுத்தேன். கடைசிவரை என்னோடு நிற்கும் குழுவை எப்படிக் கட்டுவது?"

தெரியாதவர்களுக்கு ஒரு வரி: பால்டர்ஸ் கேட் 3 கதை சொல்லும் கணினி விளையாட்டு, வில், கார்லக், கேல் எல்லாம் அதில் நம்மோடு பயணிக்கும் துணைகள். தம்பி, 150 ஜிபி விளையாட்டைச் சேலத்தில் நண்பர் வீட்டு இணைப்பில் இறக்கி, ஹார்ட் டிஸ்க்கில் போட்டு, கொண்டை ஊசி வளைவுகள் ஏறி வீட்டுக்குக் கொண்டுபோனதாக எழுதியிருக்கிறீர்கள். அவ்வளவு ஆசையோடு ஆடுகிறவருக்கு நான்கு வரியில் பதில் சொல்ல எனக்கு மனம் வரவில்லை. நீளமாகவே எழுதுகிறேன். கதையின் பெரிய திருப்பங்கள் சில இதில் வெளிப்பட்டுவிடும். அவற்றைத் தொடாமல் உங்கள் கேள்விக்கு நேர்மையான பதில் கிடையாது.

நீங்கள் எழுதாமல் விட்டதை முதலில் சொல்லிவிடுகிறேன். கோப்ளின் கூட்டத்தோடு சேர்ந்து எமரால்டு தோப்பைத் தாக்கியிருக்கிறீர்கள். வில்லும் கார்லக்கும் சேர்ந்தாற்போல் போவதற்கு முதல் பாகத்தில் வேறு பெரிய காரணம் இல்லை. அந்தத் தோப்பில் ஒதுங்கியிருப்பவர்கள் டீஃப்லிங் அகதிகள். குழந்தைகளோடு ஊர் விட்டு ஓடி வந்தவர்கள். அதே குழந்தைகளுக்குக் கத்தி பிடிக்கச் சொல்லிக் கொடுத்துக்கொண்டிருக்கும்போதுதான் நாம் வில்லிடம் நின்று பேசுகிறோம். அவர்களைக் கொன்றுவிட்டு அவனுக்கு எந்த வாளைக் கொடுத்தாலும் அவன் நிற்கமாட்டான், நிற்கவும் கூடாது. கேல் போனதற்கு இரண்டு காரணங்களில் ஒன்று இருக்கும். அதே படுகொலையைப் பார்த்து வெறுத்திருப்பான், அல்லது அவன் மாயப்பொருள் கேட்டபோது நீங்கள் கையை விரித்திருப்பீர்கள். இரண்டையும் பின்னால் விளக்குகிறேன்.

நம் பக்கத்துப் பிள்ளைகள் நிறையப் பேர் இந்த விளையாட்டுக்குள் ஒரு நம்பிக்கையோடு வருகிறார்கள்: சோறு போட்டவனுக்கு, ஆயுதம் கொடுத்தவனுக்கு ஆள் கட்டுப்பட்டவன் என்பது. வேறு சில விளையாட்டுகளில் அது செல்லுபடியாகும். 2011-ல் வந்த ஸ்கைரிமில் வைட்ரன் நகரத் தலைவர் உங்களுக்கு 'தேன்' (Thane) என்ற பிரபுப் பட்டம் கொடுத்ததும் லிடியா என்ற துணை வந்துவிடுவாள். உங்கள் மூட்டையைச் சுமப்பாள், உங்களுக்காகச் சண்டை போடுவாள், நீங்கள் நல்லவரா கெட்டவரா என்று கணக்குப் பார்த்துக்கொண்டிருக்கமாட்டாள். கூலிப்படை ஆள் வேண்டுமென்றால் 500 தங்கம் கொடுத்தால் போதும். அங்கே துணை என்பது உங்களுக்குக் கிடைக்கும் வசதி. 2009-ல் வந்த டிராகன் ஏஜ்: ஆரிஜின்ஸ் ஒரு படி மேலே போனது. ஒவ்வொரு துணைக்கும் உங்களை எவ்வளவு பிடிக்கிறது என்று காட்டும் −100 முதல் +100 வரை ஓர் ஒப்புதல் அளவு, அதை ஏற்றுவதற்குப் பரிசுகள். ஒருவருக்கே பரிசு கொடுத்துக்கொண்டிருந்தால் அடுத்தடுத்த பரிசின் பயன் குறைந்துகொண்டே வரும் என்று அப்போதே கவனமாகக் கட்டியிருந்தார்கள். ஆனால் அந்த விளையாட்டில் மறக்கமுடியாத இடம் வேறு: துணையாக வரும் அலிஸ்டருக்கு உங்கள் மேல் எவ்வளவு அன்பு இருந்தாலும், அவனுடைய படையைக் கைவிட்டுச் சாகவிட்ட லோகெயினை நீங்கள் மன்னித்துப் படையில் சேர்த்துக்கொண்டால் அவன் போய்விடுவான். அளவுகோல் நிரம்பியிருந்தாலும் போய்விடுவான். அங்கே சில இடங்களில் மட்டும் தலைகாட்டிய இந்த நியாயத்தைத்தான் 2023 ஆகஸ்டில் லேரியன் நிறுவனம் வெளியிட்ட பால்டர்ஸ் கேட் 3 தன் முழுக்கதைக்கும் அடித்தளமாக வைத்திருக்கிறது.

எப்படி என்று பார்ப்போம். கதையின் தொடக்கத்தில் உங்களோடு சேரக்கூடிய ஆறு பேரையும் வரிசையாக நினைத்துப் பாருங்கள். அஸ்டாரியன் இருநூறு ஆண்டுகளாகக் காஸடோர் என்ற இரத்தக்காட்டேரிக்கு அடிமை. ஷேடோஹார்ட் ஷார் என்ற இருள் தெய்வத்துக்குத் தன் நினைவுகளையே காணிக்கையாகக் கொடுத்தவள். லேசெல் விலாகித் என்ற அரசியைத் தெய்வமாகக் கொண்டாடும் போர்க்குலத்தில் வளர்ந்தவள். வில் தன் நகரத்தைக் காப்பாற்றப் பதினேழு வயதில் மிசோரா என்ற பேயோடு ஒப்பந்தம் போட்டு மாட்டிக்கொண்டவன். கேல் மந்திரங்களின் தெய்வமான மிஸ்ட்ராவின் அன்பை இழந்து, அதைத் திரும்பப் பெறப் போய் நெஞ்சில் வெடிகுண்டைச் சுமப்பவன். கார்லக்கை அவள் முதலாளி கோர்டாஷ் நரகத்தில் விற்றுவிட்டான். நரகத்துத் தலைவி ஸேரியல் அவள் இதயத்தை எடுத்துவிட்டு ஓர் இயந்திரத்தை வைத்துப் பத்தாண்டு போரில் ஓட்டினாள்.

ஆறு பேருமே ஏற்கெனவே ஒரு தலைமைக்கு விசுவாசமாக இருந்து, அல்லது கட்டாயத்தால் பணிந்து, அதனால் சீரழிந்தவர்கள். இதைப் புரிந்துகொண்டால் விளையாட்டின் பாதி பிடிபட்டுவிடும். நீங்களும் அவர்களை ஒரு கருவியாக எடுத்துக்கொண்டால், ஏழாவது எஜமானாக மட்டுமே ஆவீர்கள். அவர்கள் உங்களோடு நிற்பது, தங்கள் பழைய எஜமானை எதிர்த்து நிற்கும் துணிச்சல் உங்கள் பக்கத்தில் இருக்கும்போது அவர்களுக்கு வருவதால்தான். ஆகவே என் பதில் ஒரே ஒரு கருத்தில் நிற்கிறது: தினசரிப் பேச்சில் அவர்களை மகிழ்விப்பதைவிட, அவர்களுடைய சொந்த வழக்கு உச்சத்துக்கு வரும் இடத்தில் நீங்கள் எங்கே நிற்கிறீர்கள் என்பதே குழுவைக் கட்டும்.

இப்போது இயந்திரம் எப்படி ஓடுகிறது என்பதைச் சொல்கிறேன். ஒவ்வொரு துணைக்கும் ஒப்புதல் அளவு −50-லிருந்து 100 வரை. பேச்சில் சின்ன விஷயத்துக்கு 1, பெரிய விஷயத்துக்கு 5, 10 என்று ஏறும், இறங்கும். அடித்தட்டுக்குப் போனால் அவர்கள் விடைபெறுவார்கள். ஒரு முறைக்கு உங்களையும் சேர்த்து நான்கு பேர்தான் வெளியே போகமுடியும், மற்றவர்கள் முகாமில். அன்றாடப் பேச்சுகளில் யாருக்கு ஏறுகிறது இறங்குகிறது என்பது, அந்த நேரத்தில் குழுவில் பக்கத்தில் நின்றவர்களைப் பொறுத்தது. முகாமில் தூங்குகிறவருக்குத் தெரியாது. தோப்பைத் தாக்குவது போன்ற பெரிய செய்கைகள் மட்டும் முகாமில் இருப்பவர் வரை எட்டும்.

இதிலிருந்து ஒரு தந்திரம் பிறக்கிறது: ஏழைக்கு இரங்கும் வேலை என்றால் அஸ்டாரியனை விட்டுவிட்டுக் கார்லக்கைக் கூட்டிப்போவது, திருட்டு வேலை என்றால் வில்லை விட்டுவிட்டுப் போவது. முகாமில் இருப்பவர்களுக்கும் அனுபவப் புள்ளி சமமாகவே ஏறுகிறது என்பதால் ஆளை மாற்றுவதில் நட்டமில்லை. இது வேலை செய்யும். ஆனால் இதையே முழுத் திட்டமாக வைத்துக்கொள்வதை நான் விரும்பவில்லை. அஸ்டாரியனுக்கு உங்கள் இரக்கம் பிடிக்காது, முகம் சுளிப்பான், ஒரு புள்ளி குறையும். குறையட்டும். அதே இரக்கம் பின்னால் அவன் பக்கம் திரும்பும்போது அது என்னவென்று அவனுக்குத் தெரிந்திருக்கும். உங்களிடமிருந்து எல்லாரையும் மறைத்து, எல்லாரிடமிருந்தும் உங்களை மறைத்து ஆடினால் அளவுகோல்கள் ஏறும், கதை வெறுமையாகிவிடும். "எல்லாருக்கும் பிடித்த மாதிரிதான் பேசினேன்" என்று நீங்கள் எழுதியதில் எனக்குப் பட்ட குறை இதுதான்.

அடுத்தது முகாம். புதிதாக ஆடுகிறவர்கள் அதிகம் இழப்பது இங்கேதான். கதைப்படி நம் எல்லார் மூளையிலும் ஒரு புழு இருக்கிறது, சீக்கிரம் தீர்வு காணாவிட்டால் உருமாறிவிடுவோம் என்று எல்லாரும் அவசரப்படுத்துவதைக் கேட்டு, தூங்காமலே ஓடுகிறார்கள். அந்தப் புழுவுக்கு நாள் கணக்கு எதுவும் கிடையாது. ஆனால் உங்கள் துணைகளின் கதைகள் நீண்ட ஓய்வு எடுக்கும் இரவுகளில்தான் நகர்கின்றன. ஒரே இரவில் எல்லாம் நடந்துவிடாது. காட்சிகள் வரிசையில் காத்திருக்கும். நீங்கள் ஓய்வெடுக்காமல் அடுத்த பாகத்துக்குப் போய்விட்டால் காத்திருந்தவற்றில் சில போனது போனதுதான். வழக்கமான கடினநிலையில் ஒரு நீண்ட ஓய்வுக்கு 40 உணவுப் பொருள் மதிப்பு தேவை, அதைவிடக் கடினமான டாக்டீஷியன் நிலையில் 80. முதல் பாகத்தில் பெட்டி, பீப்பாய், சமையல்கட்டு எதையும் விடாமல் திறந்து பார்த்தால் உணவுக்குப் பஞ்சமே வராது. தலைக்கு மேல் ஆச்சரியக்குறி தெரிந்தால் மட்டும் பேசுவது என்று வைத்துக்கொள்ளாதீர்கள். ஒவ்வொரு முக்கிய நிகழ்வுக்குப் பிறகும் எல்லாரிடமும் ஒரு சுற்றுப் பேசிவிடுங்கள்.

உங்கள் குடும்பம் காப்பித் தோட்டத்தில் வேலை செய்வதாக எழுதியிருந்தீர்கள். பழம் பறிக்கும் பருவத்தில் சில மேஸ்திரிகளிடம் மட்டும் அதே ஆட்கள் வருடா வருடம் திரும்பி வருவதைப் பார்த்திருப்பீர்கள். யார் வீட்டில் யாருக்கு உடம்பு சரியில்லை, யாருக்கு எந்த மாதம் முன்பணம் தேவை என்று வேலை முடிந்த நேரத்தில் கேட்டு வைத்துக்கொள்கிறவர் அவர். இந்த விளையாட்டில் முகாம் அந்த நேரம்.

ஓய்வில் ஓர் எச்சரிக்கை மட்டும். சில இடங்களுக்குள் நுழைந்துவிட்டால் அங்கே நேரம் ஓடத் தொடங்கும். எரிந்துகொண்டிருக்கும் வாக்கீன்ஸ் ரெஸ்ட் சத்திரத்தைப் பார்த்துவிட்டுத் தூங்கப் போனால் உள்ளே இருப்பவர்கள் பிழைக்கமாட்டார்கள். பூமிக்கடியில் உள்ள கிரிம்ஃபோர்ஜில் பாறைக்குப் பின்னால் சிக்கியிருக்கும் நேர் (Nere) என்பவனும் அப்படியே. அந்த மாதிரி இடங்களுக்குப் போவதற்கு முந்திய இரவே நன்றாகத் தூங்கிவிடுங்கள்.

இனி ஆட்களைப் பற்றி. எல்லாரையும் ஒரே அளவு விரித்து எழுதப்போவதில்லை. எங்கே தவறுகிறார்களோ அங்கே நிற்கிறேன்.

அஸ்டாரியனைப் பற்றி எங்கள் வட்டத்தில் பெரிய வாக்குவாதமே நடந்திருக்கிறது. சேலம் ஐந்து ரோட்டுப் பக்கம் மாலையில் தட்டுவடை செட் சாப்பிட்டுக்கொண்டே இதைப் பேசித் தீர்க்கப் பார்த்தோம், தீரவில்லை. இரண்டாம் பாகத்தில் எதிரிகளின் தலைமையிடமான மூன்ரைஸ் கோபுரத்தில் அராஜ் என்ற ஒரு பெண் இரத்த வியாபாரம் செய்கிறாள். அஸ்டாரியன் தன்னைக் கடிக்கவேண்டும் என்பது அவள் ஆசை. அதற்கு ஈடாகக் கொடுப்பது, உடல் வலிமையை நிரந்தரமாக 2 உயர்த்தும் மருந்து. விளையாட்டின் மிகச்சிறந்த பரிசுகளில் ஒன்று. அஸ்டாரியனுக்கு அவள் இரத்தத்தின் வாடையே பிடிக்கவில்லை, வேண்டாம் என்கிறான். நண்பர்களில் சிலர், "ஒரு கடிதானே, கட்டாயப்படுத்தி மருந்தை வாங்கிக்கொள்வதுதான் புத்திசாலித்தனம்" என்றார்கள். கணக்கில் அது சரியாகவே இருக்கிறது. ஆனால் இருநூறு ஆண்டுகளாக அவன் உடம்பை இன்னொருவர் தேவைக்குப் பயன்படுத்தியதுதான் அவன் கதை. காஸடோர் செய்ததையே நீங்கள் ஒரு மருந்துக்காகச் செய்யச் சொல்கிறீர்கள். வற்புறுத்தினால் கடிப்பான், ஒப்புதல் விழும், மனதில் வைத்துக்கொள்வான். "உனக்கு வேண்டாம் என்றால் வேண்டாம்" என்று சொல்லிவிட்டு நகர்ந்தால், பிறகு முகாமில் அவனாகவே வந்து அதைப் பற்றிப் பேசுவான். நான் இந்த விளையாட்டில் மிகவும் மதிக்கும் உரையாடல்களில் அது ஒன்று. அந்த வலிமைப் புள்ளிகளை விட்டுக்கொடுத்ததற்கு ஒருநாளும் நான் வருந்தியதில்லை.

அதே கேள்வி மூன்றாம் பாகத்தில் பெரிதாகி வரும். காஸடோரின் சடங்கைத் தானே முடித்து, 7,000 உயிர்களைப் பலிகொடுத்து, பகலில் நடமாடும் பேராற்றல் பெற்ற காட்டேரியாக அவன் ஆசைப்படுவான். உதவச் சொல்லிக் கேட்பான். இங்கே அவன் கேட்பதைக் கொடுப்பது அன்பாகத் தோன்றும். கொடுத்துவிட்டால் அவன் உங்களுக்குச் சமமாக இருக்கமாட்டான், இன்னொரு காஸடோராகத்தான் இருப்பான். மறுத்து, இணங்க வைக்கும் பகடையில் வென்றால் அவன் அழுவான், ஆனால் மனிதனாகத் திரும்பி வருவான். பிடித்ததைச் சொல்வதற்கும் துணை நிற்பதற்கும் உள்ள தூரம் இந்த இடத்தில் வெட்டவெளிச்சமாகத் தெரியும்.

ஷேடோஹார்ட் விஷயம் இதற்கு நேர் எதிர்ப்பக்கத்தில் இருக்கிறது. அங்கே மறுக்கவேண்டும் என்றேன். இங்கே விலகி நிற்கவேண்டும். ஷார் தன் அடியார்களைச் சோதிக்கும் கோயிலின் முடிவில், அங்கே சிறைபட்டிருக்கும் நைட்சாங்கைக் கொன்றால்தான் தன் தெய்வத்தின் முழுப் படைவீரியாக முடியும் என்ற நிலையில் ஈட்டியோடு நிற்பாள். அதட்டித் தடுத்தால் உங்கள் மேலேயே அவள் பாயவும் கூடும். அதுவரை அவள் நினைவுகளைப் பற்றிப் பொறுமையாகக் கேட்டு, துருவாமல், அவளாகச் சொன்னதை மட்டும் ஏற்றுக்கொண்டு வந்திருந்தால், "முடிவு உன்னுடையது" என்று விட்டுவிடுங்கள். உறவு வலுவாக இருந்தால் ஈட்டியை அவளே வீசி எறிவாள். நீங்கள் வாதாடி வென்று அவளைத் தடுப்பதைவிட இதன் பலம் அதிகம், ஏனென்றால் வாழ்க்கையில் முதல் முறையாக அவள் தானாக எடுத்த முடிவு அது. ஒன்று மட்டும் கவனம்: அந்த இடத்துக்கு அவளை முகாமில் விட்டுவிட்டுப் போகவே போகாதீர்கள். அவளுடைய வாழ்க்கையின் முடிவை அவள் இல்லாமல் எடுத்துவிட்டு வந்து சொன்னால் எந்த மனிதரும் பொறுக்கமாட்டார்.

லேசெல்லைச் சேர்க்கும்போதே பலர் வெறுத்துவிடுகிறார்கள். கூண்டில் தொங்கிக்கொண்டே கட்டளை போடுகிறாள். அவளிடம் குழைந்தால் மதிப்பு போய்விடும், நேராகப் பேசினால் ஏறும். அவள் அரசியைத் தொடக்கத்திலேயே பழிக்காதீர்கள், அது பயனற்றது. மலைப்பாதையில் உள்ள அவள் குலத்தாரின் பாசறைக்கு அவளைக் கூட்டிப்போங்கள். குணமாக்கும் என்று அவள் நம்பும் இயந்திரம் அவளைக் கொல்லப் பார்ப்பதை அவளே உணரும்போது பக்கத்தில் இருந்து கை கொடுங்கள். உண்மை அவளைத் தேடி வரும். நீங்கள் வாதத்தால் அவளை முந்தவேண்டாம். இடையில் ஓர் இரவு அவளும் ஷேடோஹார்ட்டும் கத்தியை எடுத்துவிடுவார்கள். அதற்கு முன்பே இருவரிடமும் தனித்தனியாகப் பேசி வைத்திருந்தால் சமாதானப்படுத்துவது எளிது. தூங்கப் போகும்முன் சேமித்துக்கொள்ளுங்கள். கோடை இடிமழைக் காலத்தில் மலையில் மின்சாரம் எப்போது போகும் என்று சொல்லமுடியாது என்பதாலும் அந்தப் பழக்கம் உங்களுக்கு நல்லது.

கேல் மாயப்பொருள் கேட்பது பேராசையால் அல்ல. அவன் நெஞ்சில் இருப்பதை அடக்க அது தேவை. மறுத்துக்கொண்டே இருந்தால் போய்விடுவான், அவன் பக்கம் நியாயமும் இருக்கிறது. மொத்தம் மூன்று பொருள் போதும், அதற்கு மேல் அது பலிக்காது. நல்ல பொருளைக் கொடுக்கவேண்டிய அவசியமும் இல்லை. முதல் பாகத்தில் யாரும் அணியாத சாதாரண மாய மோதிரமும் செருப்பும் கிடைத்துக்கொண்டே இருக்கும், அவற்றில் மூன்றை அவனுக்கென்று ஒதுக்கி வைத்துவிடுங்கள். பின்னால் மிஸ்ட்ரா அவனிடம், எதிரியின் மையத்தில் போய் நின்று தன்னையே வெடித்துக்கொள்ளச் சொல்லி அனுப்புவாள். அவன் அதை ஒரு பெருமையாக எடுத்துக்கொள்ளப் பார்ப்பான். அப்போது "உன் உயிருக்கு அந்த மன்னிப்பைவிட மதிப்பு அதிகம்" என்று சொல்ல ஒருவர் வேண்டும். அந்த ஒருவர் நீங்கள்தான்.

கார்லக்கையும் வில்லையும் சேர்த்தே சொல்லவேண்டும், ஏனென்றால் மிசோரா அவளைக் கொல்லத்தான் வில்லை அனுப்பியிருக்கிறாள். கார்லக்கைக் கொல்லாமல் விட்டால் தண்டனையாக வில்லின் தலையில் கொம்பு முளைக்கும். அவன் அதை ஏற்றுக்கொள்வான். அந்த இரவு அவனோடு பேசாமல் தூங்கப் போகாதீர்கள். பிறகு மூன்ரைஸுக்குக் கீழே உள்ள நிலவறையில் மிசோராவே ஒரு கூட்டுக்குள் அடைபட்டிருப்பாள். பொத்தான்களில் ஒன்று அவளை விடுவிக்கும், ஒன்று அழிக்கும். பழிவாங்கும் ஆசையில் அழித்தால் ஒப்பந்தப்படி வில்லும் நரகத்துக்கு இழுக்கப்படுவான். பலர் அவனை இழப்பது அங்கேதான். வெறுப்பை அடக்கிக்கொண்டு அவளை விடுவியுங்கள்.

கார்லக்கின் இதய இயந்திரம் கொதித்துக்கொண்டே இருக்கிறது, யாரையும் தொட முடியாது. அதைச் சரிசெய்யத் தெரிந்த ஒரே கொல்லன் டேமன். அவன் முதலில் தோப்பில் இருக்கிறான், பிறகு லாஸ்ட் லைட் சத்திரத்தில். இரண்டு இடத்திலும் நரக இரும்பு கொடுத்து வேலை முடிக்கவேண்டும். இந்தச் சங்கிலியைக் கவனியுங்கள்: தோப்பு அழிந்தால் டேமன் இல்லை. தோப்பு பிழைத்தாலும், சத்திரத்தை ஒளியால் காக்கும் இஸோபெல்லை எதிரிகள் தூக்கிப்போக விட்டுவிட்டால் சத்திரத்தின் ஒளிக்காப்பு உடைந்து அங்கிருப்பவர்கள் சாவார்கள், டேமனும் சாவான். இஸோபெல்லிடம் பேசி முடித்ததும் தாக்குதல் தொடங்கிவிடும் என்பதால், முதல் நாள் தூங்கி எழுந்து, நான்கு பேரையும் அவளைச் சுற்றி நிறுத்திவிட்டுப் பேச்சைத் தொடங்குங்கள். கார்லக்கின் இரண்டாவது பழுதுபார்ப்பைச் சண்டைக்கு முன்பே முடித்துவிடுவது இன்னும் பாதுகாப்பு. அதன் பிறகு அவளால் பிறரைத் தொடமுடியும். முகாமில் அன்றைக்கு அவளைக் கட்டியணைக்க ஒரு வாய்ப்பு வரும், தவறவிடாதீர்கள்.

பின்னால் சேர்கிறவர்களைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். தோப்பின் தலைவன் ஹால்சின் கோப்ளின் முகாமில் கரடி உருவில் கூண்டில் இருக்கிறான். ஜஹீரா என்ற போராளி லாஸ்ட் லைட்டில் இருக்கிறாள். மூன்ரைஸ் மீது நடக்கும் தாக்குதலில் உங்களோடு சண்டையிடுவாள், அதில் அவளைச் சாகவிடக்கூடாது. மூன்றாம் பாகத்தில் மின்ஸ்க் என்ற வீரனைச் சேர்க்க அவள் குழுவில் இருந்தாக வேண்டும். 1998-ல் வந்த முதல் பால்டர்ஸ் கேட்டிலிருந்தே இந்த இருவரும் தோழர்கள், அவள் பேச்சைத்தான் அவன் கேட்பான். முகாமில் இருக்கும் விதர்ஸ் என்பவரிடம் 100 தங்கம் கொடுத்தால் கூலி ஆள் கிடைக்கும். அவர்களுக்கு ஒப்புதலும் இல்லை, கதையும் இல்லை. சண்டையில் ஓர் இடம் காலியாக இருந்தால் மட்டும் எடுங்கள். உங்கள் ஆள் இறந்துவிட்டால் 200 தங்கத்துக்கு உயிர்ப்பித்துக் கொடுப்பதும் அவர்தான். 100 கொடுத்தால் ஒருவரின் தொழிலையே மாற்றியமைப்பார். எனவே "எனக்கு நோய் தீர்க்கும் ஆள் வேண்டும், அதனால் ஷேடோஹார்ட்டை எடுக்கிறேன்" என்ற கட்டாயம் யாருக்கும் கிடையாது. மனதுக்குப் பிடித்த மூவரை எடுத்து, தொழிலை அவர்கள் மேல் பொருத்திக்கொள்ளலாம்.

புதிதாகத் தொடங்குவதாக இருந்தால் நான் சொல்லும் குழு: வெளியே ஷேடோஹார்ட்டும் கார்லக்கும் நிலையாக. மூன்றாவது இடத்தை அஸ்டாரியன், லேசெல், கேல், வில் நால்வருக்கும் சுழற்சியில் கொடுங்கள். யாருடைய சொந்த வழக்கு நெருங்குகிறதோ அவர் அந்தப் பகுதி முழுக்க கூட வரட்டும். பாசறைக்கு லேசெல், மூன்ரைஸுக்கு அஸ்டாரியன், நிலவறைக்கு வில். ஷாரின் சோதனைக் கோயிலில் ஷேடோஹார்ட் எப்படியும் இருப்பாள். தோப்பைக் காப்பாற்றிய இரவு முகாமில் ஒரு கொண்டாட்டம் நடக்கும். அன்று ஒருவர் விடாமல் எல்லாரிடமும் பேசுங்கள்.

இப்போதுள்ள ஆட்டத்தை அழித்துவிடலாமா என்றும் கேட்டிருக்கிறீர்கள். அழிக்கவேண்டாம். வில், கார்லக், கேல், ஹால்சின் அதில் இல்லை, அவர்கள் திரும்பவும் மாட்டார்கள். ஆனால் அஸ்டாரியன், லேசெல், ஷேடோஹார்ட் மூவரும் இருக்கிறார்கள், அவர்களுடைய பெரிய திருப்பங்கள் இன்னும் வரவில்லை. லாஸ்ட் லைட்டைக் காப்பாற்றினால் ஜஹீராவும் பிறகு மின்ஸ்க்கும் கிடைப்பார்கள். தோப்பைத் தாக்கச் சொல்லிக் கூட வந்தாளே மின்தாரா, அவளும் இன்னும் கைநழுவிப் போகவில்லை. மூன்ரைஸுக்குள் நுழைந்ததும் அரியணை மண்டபத்துக்குப் போங்கள். அங்கே அவளை நிறுத்தி விசாரித்துக்கொண்டிருப்பார்கள். யாருக்காக அவள் உங்களோடு சேர்ந்து அந்தக் கொலைகளைச் செய்தாளோ, அதே தலைமைதான் அவளுக்குத் தண்டனை விதிக்கும். கோபுரத்தைத் தாக்கும் கட்டத்துக்குப் போகும் முன்பே கீழ்ச்சிறைக்கு இறங்கி, அவள் நினைவைத் துடைக்கிறவர்களைத் தடுத்து, வெளியே கூட்டி வாருங்கள். கோபுரத்துக்கு வெளியே அவளை உயிரோடு கொண்டுபோய்ச் சேர்த்துவிட்டால் அவள் உங்கள் முகாமுக்கு வந்துவிடுவாள்.